தாவரங்களின் லத்தீன் பெயருக்குள் இருக்கும் மனிதர்கள்

கறிவேப்பிலையின் அறிவியல் பெயர் முர்ராயா கோனிகி என்று பள்ளியில் படித்திருப்போம். பரீட்சைக்காக மனப்பாடம் செய்து, பிறகு மறந்தும் இருப்போம். அந்தப் பெயரில் இலையைப் பற்றியோ மணத்தைப் பற்றியோ ஒன்றுமே இல்லை. இரண்டு சொற்களும் இரண்டு மனிதர்களின் பெயர்கள்.

முதல் சொல்லில் இருப்பவர் யோஹான் ஆந்திரேயாஸ் முர்ரே. ஸ்டாக்ஹோமில் பிறந்து, ஜெர்மனியின் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர். ஸ்வீடன் நாட்டுத் தாவரவியலாளர் லின்னேயஸின் மாணவர். இரண்டாவது சொல்லில் இருப்பவர் யோஹான் கெர்ஹார்டு கோனிக். இவரும் லின்னேயஸிடம் படித்தவர்தான். ஆனால் இவர் நம் கரைக்கு வந்தவர். 1768இல் தரங்கம்பாடியில் டேனிஷ் மிஷனுக்கு மருத்துவராக வந்து சேர்ந்தார். வைத்தியம் பார்த்த நேரம் போக மீதி நேரமெல்லாம் செடிகளைத் தேடி அலைந்தார். காய்ந்த மாதிரிகளைக் கடல் தாண்டி ஐரோப்பாவுக்கு அனுப்பினார். பிறகு ஆற்காட்டு நவாபிடமும் அதற்கப்புறம் கிழக்கிந்தியக் கம்பெனியிடமும் வேலை பார்த்தார். 1785இல் காக்கிநாடா அருகே நோய்வாய்ப்பட்டு இறந்தார். கடைசி நாட்களில் அவரைக் கவனித்துக்கொண்ட மருத்துவர், பின்னாளில் இந்தியத் தாவரவியலின் தந்தை என்று அழைக்கப்பட்ட வில்லியம் ராக்ஸ்பர்க். குழம்பில் போட்டுத் தாளிக்கும் ஓர் இலையின் பெயருக்குள் இத்தனையும் அடங்கியிருக்கிறது. பாடப்புத்தகங்கள் பெயரை மட்டும் தந்துவிட்டு ஆளைச் சொல்லாமல் விடுவது எனக்கு எப்போதும் குறையாகவே படும்.

ஒரு தாவரத்தின் அறிவியல் பெயரில் இரண்டு பகுதிகள் உண்டு. முதலாவது பேரினம், இரண்டாவது சிற்றினம். லின்னேயஸ் 1753இல் வெளியிட்ட ‘ஸ்பீசீஸ் பிளான்டாரம்’ என்ற நூலிலிருந்துதான் இன்றைய தாவரப் பெயரிடல் தொடங்குவதாகக் கணக்கு. இந்தச் சொற்கள் பல இடங்களிலிருந்து வரும். செடியின் தோற்றத்தைச் சொல்லும் சொல்லாக இருக்கலாம்: ‘ஆல்பா’ என்றால் வெள்ளை. ஊரைச் சொல்லலாம்: ‘இண்டிகா’ என்றால் இந்தியாவைச் சேர்ந்தது. உள்ளூர்ப் பெயரே லத்தீன் உடை போட்டு வரலாம்: முருங்கையின் பேரினமான ‘மொரிங்கா’ அப்படி வந்தது. நான்காவது வகைதான் நம் விஷயம். ஒரு மனிதரைச் சிறப்பிப்பதற்காக அவர் பெயரை லத்தீனாக்கிச் செடிக்கு வைப்பது.

இந்தப் பழக்கத்தைப் பெரிய அளவில் கொண்டுவந்தவர் சார்ல்ஸ் ப்ளூமியே என்ற பிரெஞ்சுத் துறவி. பதினேழாம் நூற்றாண்டின் இறுதியில் மூன்று முறை கரீபியன் தீவுகளுக்குப் போய், ஐரோப்பா அதுவரை பார்க்காத செடிகளைப் படம் வரைந்து கொண்டுவந்தார். அவற்றுக்கு ஐரோப்பிய மொழிகளில் பெயரே கிடையாது. 1703இல் அவர் வெளியிட்ட நூலில், புதிய பேரினங்கள் பலவற்றுக்குத் தமக்கு முன்னால் உழைத்த தாவரவியலாளர்களின் பெயர்களை வைத்தார். லியோன்ஹார்ட் ஃபூக்ஸ் பெயரில் ஃபூக்ஸியா, மத்தியாஸ் லோபெல் பெயரில் லொபேலியா, பியேர் மாக்னோல் பெயரில் மாக்னோலியா. பெகோனியா மட்டும் கொஞ்சம் வேறு. மிஷேல் பெகோன் தாவரவியலாளர் அல்லர். அரசு அதிகாரி, தாவர ஆய்வை ஆதரித்தவர்.

1704இல் அடுத்த பயணத்துக்குக் கிளம்பியபோது ஸ்பெயின் துறைமுகம் ஒன்றின் அருகே ப்ளூமியே இறந்துபோனார். இத்தனை பேருக்குப் பெயர் வைத்தவருக்கும் ஒரு பெயர் கிடைத்தது. கோயில்களிலும் பூங்காக்களிலும் பார்க்கிறோமே, வெள்ளையும் மஞ்சளுமாகப் பூ உதிர்ந்து கிடக்கும் ஈழத்தலரி, அதன் பேரினம் ப்ளூமேரியா. அவரது நாட்டுக்காரரான தாவரவியலாளர் தூர்நெஃபோர் அளித்த மரியாதை அது.

ப்ளூமியே வைத்த இந்தப் பெயர்களை லின்னேயஸ் ஏற்றுக்கொண்டதோடு நிற்கவில்லை. இது வெறும் பழக்கமாக இருந்தால் போதாது, ஒரு கொள்கையாகவே இருக்க வேண்டும் என்று 1737இல் வாதாடி எழுதினார். காட்டிலும் கடலிலும் உயிரைப் பணயம் வைத்துச் செடி சேகரித்தவர்களுக்குப் பணமோ பதவியோ கிடைப்பதில்லை. அவர்கள் பெயர் ஒரு செடியில் நிலைத்தாலாவது நியாயம் என்பது அவர் எண்ணம். அந்த மரியாதையைச் செல்வாக்குள்ளவர்களின் தயவைப் பெறுவதற்காக வீணாக்கக் கூடாது என்பதிலும் அவர் கண்டிப்பாக இருந்தார். அதையும் தாண்டி, பெயருக்கும் செடிக்கும் ஏதாவது ஒரு பொருத்தம் இருந்தால் நல்லது என்று நினைத்தார்.

மந்தாரையை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் பேரினம் பௌஹினியா. மந்தாரை இலையைப் பார்த்திருப்பீர்கள். ஒரே காம்பில் இரண்டு சம பாகங்களாகப் பிளந்திருக்கும், ஒட்டியும் இருக்கும். யோஹான் பௌஹின், காஸ்பார் பௌஹின் என்ற சகோதரர்கள் இருவருமே பதினாறாம், பதினேழாம் நூற்றாண்டுகளின் பெரிய தாவரவியலாளர்கள். அண்ணன் தம்பி இருவருக்கும் சேர்த்து ஒரே இலை. சோழர்கள் சூடிய ஆத்தியும் இதே பௌஹினியா பேரினம்தான்.

கானாவாழை இன்னும் சுவையானது. வயல் வரப்பில் நீலப் பூவோடு படர்ந்திருக்கும் அந்தச் செடியின் பேரினம் கொம்மெலினா. பூவில் மூன்று இதழ்கள். இரண்டு பெரியவை, எடுப்பாகத் தெரியும். மூன்றாவது சிறியது, எளிதில் கண்ணில் படாது. நெதர்லாந்தில் கொம்மெலின் குடும்பத்தில் மூன்று பேர் தாவரவியலில் இறங்கினார்கள். யான் கொம்மெலினும் அவருடைய சகோதரர் மகன் காஸ்பாரும் புகழ்பெற்றார்கள். மூன்றாமவர் துறையில் எதையும் சாதிப்பதற்கு முன்பே இறந்துவிட்டார். இதை லின்னேயஸே சொல்லியிருக்கிறார். அந்த யான் கொம்மெலினுக்கு நம் பக்கத்தோடு தொடர்பும் உண்டு. கேரளத்துத் தாவரங்களைப் பற்றிய ‘ஹோர்டுஸ் மலபாரிகுஸ்’ என்ற பெருநூலுக்கு ஆம்ஸ்டர்டாமில் இருந்தபடி குறிப்புரை எழுதியவர்களில் அவரும் ஒருவர்.

இது தெரிந்த பிறகு சுற்றிப் பார்த்தால் வீட்டு வாசலிலேயே ஆட்கள் கிடைப்பார்கள். டிசம்பர் பூவின் பேரினம் பார்லேரியா, ஜாக் பாரெலியே என்ற பிரெஞ்சுத் துறவியின் நினைவு. நந்தியாவட்டையின் பேரினம் தாபெர்னேமொன்டானா. வாயில் நுழையாத அந்தப் பெயர், பதினாறாம் நூற்றாண்டு ஜெர்மன் மருத்துவர் ஒருவர் தன் ஊரான பெர்க்சாபெர்னை லத்தீனில் மாற்றிச் சூட்டிக்கொண்டது. மருதாணியின் பேரினம் லாசோனியா. ஐசக் லாசன் என்ற ஸ்காட்லாந்து மருத்துவர் லின்னேயஸின் நண்பர். 1735இல் லின்னேயஸின் முதல் பெரிய நூலை அச்சடிக்கப் பணம் கொடுத்து உதவியவர். ஜின்னியாவில் இருப்பவர் யோஹான் கோட்ஃப்ரீட் ஜின், 31 வயதில் இறந்துபோன கோட்டிங்கன் பேராசிரியர். கண்ணின் வில்லையைத் தாங்கிப் பிடிக்கும் மெல்லிய இழைகளுக்கும் அவர் பெயர்தான். கார்டீனியாவைத் தோட்டத்துப் பூ என்று நினைப்பவர்கள் உண்டு. அது அலெக்சாண்டர் கார்டன் என்ற மருத்துவரின் பெயர். அமெரிக்காவின் தெற்குக் கரோலினாவில் இருந்தவர்.

புதிதாகப் படிப்பவர்கள் பெரும்பாலும் தடுமாறும் இடம் ஒன்று இருக்கிறது. செடிக்குப் பெயராக இருப்பவர்தான் அந்தச் செடியைக் கண்டுபிடித்தவர் என்று நினைத்துவிடுவோம். அப்படி அல்ல. பெயர் ஒரு மரியாதை, அவ்வளவுதான். நம் ஊரில் பேரனுக்குத் தாத்தா பெயர் வைப்பது மாதிரி. தேயிலையின் அறிவியல் பெயர் கமேலியா சினென்சிஸ். கமேலியா என்பது கியோர்க் யோசெஃப் காமெல் என்பவரின் பெயர். மொராவியாவில் பிறந்து மணிலாவில் பணிபுரிந்த இயேசு சபைச் சகோதரர். பிலிப்பைன்ஸ் செடிகளை ஆராய்ந்தார். அவர் 1706இல் இறந்தார். கமேலியா என்ற பெயரை லின்னேயஸ் 1753இல் தம் நூலில் சேர்த்தார். தேயிலையோ அப்போது தேயா என்ற தனிப் பேரினத்தில் இருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான் அது கமேலியாவுக்குள் வந்தது. நாம் குடிக்கும் டீக்கும் காமெலுக்கும் இவ்வளவுதான் உறவு.

தன் பெயரைத் தானே ஒரு செடிக்கு வைத்துக்கொள்ள விதிப்படி தடை இல்லை. ஆனால் அது நாகரிகம் இல்லை என்று தாவரவியலாளர்கள் கருதுகிறார்கள். லின்னேயஸுக்கு வடக்குக் காடுகளில் தரையோடு படரும் ஒரு சின்ன இளஞ்சிவப்புப் பூ மேல் அவ்வளவு பிரியம். லின்னேயா என்று அதற்குப் பெயர் வைத்தவர் அவருடைய டச்சு நண்பர் குரோனோவியுஸ். தாழ்ந்தது, யாரும் கவனிக்காதது, கொஞ்ச காலமே பூப்பது என்று அந்தப் பூவைத் தன்னோடு ஒப்பிட்டு லின்னேயஸ் எழுதினார். அவரை வரைந்த ஓவியங்கள் சிலவற்றில் அந்தப் பூ அவர் கையில் இருக்கும்.

சரி, ஒரு பெயரைப் பார்த்தவுடன் அதில் ஆள் இருக்கிறாரா என்று கண்டுபிடிப்பது எப்படி? பேரினப் பெயரில் கண்டுபிடிப்பது கொஞ்சம் கடினம். பெரும்பாலும் ‘இயா’ அல்லது ‘ஆ’ என்று முடியும், ஆனால் வேறு சொற்களும் அப்படி முடியும். சிற்றினப் பெயரில் எளிது. லத்தீனில் ‘இன்னாருடைய’ என்று சொல்லும் வேற்றுமை உருபு அங்கே வரும். ஓர் ஆணைச் சிறப்பித்தால் பெயர் ‘இ’ என்று முடியும். ராபர்ட் வைட் என்ற ஸ்காட்லாந்து அறுவை மருத்துவர் சென்னை மாகாணத்தில் வேலை பார்த்தவர். அவரைச் சிறப்பிக்கும் ‘வைட்டி’ என்ற சொல் எத்தனையோ தென்னிந்தியச் செடிகளின் பின்னால் நிற்கிறது. பெண்ணாக இருந்தால் ‘ஏ’ என்று முடியும். பல ஆண்களோ, ஆணும் பெண்ணும் சேர்ந்தோ என்றால் ‘ஓரும்’. பெண்கள் மட்டும் பலர் என்றால் ‘ஆரும்’.

எழுத்துக்கூட்டும்போது ஒரு நுட்பம் உண்டு. மெய்யெழுத்தில் முடியும் பெயருக்கு லத்தீன் எழுத்தில் இரண்டு ‘ஐ’ (i) போட வேண்டும். ‘எர்’ என்று முடியும் பெயருக்கு மட்டும் ஒன்று போதும். குரோசோஃபோரா ராட்லெரி என்று ஒரு செடி. அதில் ஒரே ஒரு ‘ஐ’தான். இந்த ராட்லரைத் தமிழர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். யோஹான் பீட்டர் ராட்லர், 1776இல் தரங்கம்பாடிக்கு வந்த மதபோதகர். கோனிக்கின் நண்பர் வட்டத்தில் ஒருவர். அறுபது ஆண்டுகள் தமிழ்நாட்டிலேயே வாழ்ந்து, 1836இல் சென்னையில் இறந்தார். செடி சேகரித்த அதே கைகளால் தமிழ்–ஆங்கில அகராதி ஒன்றையும் தொகுத்தார். அதன் முதல் பகுதி 1834இல் வெளிவந்தது.

சிற்றினப் பெயரில் ஆளைச் சேர்க்க இன்னொரு வழியும் இருக்கிறது. பெயரை அடைச்சொல் ஆக்கிவிடுவது. அப்போது ‘இயானுஸ்’, ‘இயானா’, ‘இயானும்’ என்று முடியும். எது வரும் என்பது பேரினப் பெயரின் பாலைப் பொறுத்தது. நம் குறிஞ்சியில் இது நன்றாகத் தெரியும். நீலகிரியிலும் பழனி மலையிலும் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒரு முறை பூக்கும் குறிஞ்சியின் பெயர் ஸ்ட்ரோபிலாந்தஸ் குந்தியானா. இதைக் கேரளத்தின் குந்தி ஆற்றோடு சேர்த்துப் பலர் சொல்வார்கள். ஆனால் ஆற்றின் பெயராலோ ஊரின் பெயராலோ வந்திருந்தால் பொதுவாக ‘என்சிஸ்’ என்று முடிந்திருக்கும், தேயிலையின் ‘சினென்சிஸ்’ சீனாவைக் குறிப்பது போல. ‘இயானா’ என்ற முடிவு மனிதரைத்தான் காட்டுகிறது. அவர் கார்ல் சிகிஸ்முண்ட் குந்த் என்ற ஜெர்மன் தாவரவியலாளர். தென் அமெரிக்காவிலிருந்து ஹம்போல்ட்டும் போன்பிளானும் கொண்டுவந்த செடிகளை ஆராய்ந்து புகழ்பெற்றவர். நீலகிரியோடு அவருக்கு எந்தத் தொடர்பும் இல்லை. முதலில் இந்தச் செடி வேறொரு பேரினத்தில் ‘குந்தியானும்’ என்று இருந்தது. பேரினம் மாறியதும் முடிவு மாறியது. பல இடங்களில் ‘குந்தியானுஸ்’ என்று எழுதியிருப்பார்கள். ஸ்ட்ரோபிலாந்தஸ் விதிப்படி பெண்பால் என்பதால் ‘குந்தியானா’ என்பதே சரி.

இன்னொரு குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துவிடலாம். தாவரவியல் பூங்காவின் பெயர்ப்பலகையில் அறிவியல் பெயருக்குப் பின்னால் குட்டியாக ஓர் எழுத்தோ சுருக்கமோ இருக்கும். அது சிறப்பிக்கப்பட்டவர் அல்லர், பெயர் வைத்தவர். ‘எல்.’ என்றால் லின்னேயஸ், ‘ராக்ஸ்ப்.’ என்றால் ராக்ஸ்பர்க். அடைப்புக்குறிக்குள் ஒரு பெயரும் வெளியே ஒரு பெயரும் இருந்தால், உள்ளே இருப்பவர் முதலில் பெயரிட்டவர், வெளியே இருப்பவர் பின்னால் அதை வேறு பேரினத்துக்கு மாற்றியவர்.

கறிவேப்பிலைக்கு நடந்தது அதுதான். லின்னேயஸ் 1771இல் வைத்த பெயர் பெர்கெரா கோனிகி. 1825இல் ஸ்பிரெங்கல் என்ற ஜெர்மன் தாவரவியலாளர் அதை முர்ராயாவுக்கு மாற்றினார். நாம் படித்தது அந்தப் பெயரை. இப்போது மரபணு ஆய்வுகளுக்குப் பிறகு பழைய பேரினத்துக்கே திரும்பியிருக்கிறது. லண்டன் கியூ தோட்டத்தின் பட்டியலில் அது பெர்கெரா கோனிகி. முர்ரே வந்தார், போனார். கோனிக் மட்டும் நகரவே இல்லை. ஏனென்றால் பேரினம் மாறினாலும் முதலில் வைத்த சிற்றினச் சொல்லைக் கூடவே கொண்டுபோக வேண்டும் என்பது விதி.

செண்பகத்தில் இதன் மறுபக்கத்தைப் பார்க்கலாம். அது முன்பு மிகேலியா சம்பகா. பியர் அந்தோனியோ மிகேலி ஃபிளாரன்ஸ் நகரத்து ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். பூஞ்சைகள் தாமாகத் தோன்றுவதில்லை, வித்துத்தூளிலிருந்து முளைக்கின்றன என்பதைப் பழத்துண்டுகளில் வளர்த்துக் காட்டியவர். 1729இல் அதை வெளியிட்டார். பிறகு வகைப்பாட்டாளர்கள் மிகேலியாவை மாக்னோலியாவுக்குள் சேர்த்துவிட்டார்கள். செண்பகம் இப்போது மாக்னோலியா சம்பகா. மாக்னோல் எளிய ஆள் அல்லர். தாவரங்களைக் குடும்பங்களாகப் பிரிக்கலாம் என்ற எண்ணத்தை 1689இல் முன்வைத்தவர், புராட்டஸ்டன்ட் என்பதற்காகப் பல்கலைக்கழகப் பதவி மறுக்கப்பட்டவர். அவருக்குக் கிடைத்த மரியாதை நியாயமானதே. இருந்தாலும் செண்பகப் பூவைப் பார்க்கும்போது மிகேலி நினைவுக்கு வராமல் போவது எனக்கு வருத்தம்தான்.

யாருக்கெல்லாம் இந்த மரியாதை கிடைத்தது என்ற கேள்வியும் இருக்கிறது. லின்னேயஸ் சொன்ன கண்டிப்பை எல்லாரும் பின்பற்றவில்லை. ஆஸ்திரேலியாவில் ஹிப்பெர்ட்டியா என்ற பேரினம் உண்டு. ஜார்ஜ் ஹிப்பெர்ட் லண்டன் வணிகர், செடிகளை விரும்பி வளர்த்தவர். அடிமை முறையால் பணம் சேர்த்து, அதை ஒழிப்பதை எதிர்த்தவரும் அவரே. அந்தப் பெயரை மாற்ற வேண்டும் என்று சிலர் கேட்கிறார்கள். பொருத்தமில்லை என்பதற்காக ஒரு பெயரை நீக்க விதி இடம் தருவதில்லை. 2024 ஜூலையில் மாட்ரிட்டில் நடந்த பன்னாட்டுத் தாவரவியல் மாநாட்டில் ஒரு படி முன்னேறினார்கள். ஆப்பிரிக்க மக்களை இழிவுபடுத்தும் வசைச்சொல்லிலிருந்து வந்த ‘காஃப்ரா’ என்ற சிற்றினச் சொல்லை ‘ஆஃப்ரா’ என்று மாற்ற வாக்களித்தார்கள். நம் கல்யாண முருங்கையின் உறவான எரித்ரினா காஃப்ரா உட்பட 200க்கும் மேற்பட்ட பெயர்கள் மாறின. 2026 முதல் வெளியாகும் புதிய பெயர்களில் ஒரு மக்கள் கூட்டத்தை இழிவுபடுத்துபவை இருந்தால் நிராகரிக்கவும் வழி செய்திருக்கிறார்கள். வசைச்சொல்லை நீக்கியது சரியான முடிவு என்றே நினைக்கிறேன். ஹிப்பெர்ட் போன்றவர்களின் பெயர் இருக்கும் வரையாவது, அவர் யார் என்பதையும் சேர்த்துக் கற்பிக்க வேண்டும்.

நம்மவர்கள் பக்கம் வந்தால் எண்ணிக்கை குறைவு. ராபர்ட் வைட்டின் நூல்களுக்கு ஆயிரக்கணக்கில் படம் வேண்டியிருந்தது. அவற்றில் பெரும்பகுதியை வரைந்தவர்கள் ரங்கையா, கோவிந்து என்ற இரண்டு தென்னிந்திய ஓவியர்கள். ஒரு செடியின் மகரந்தத்தாளைக்கூட அளவு பிசகாமல் வரைந்தவர்கள். 1853இல் வைட் ஓர் ஆர்க்கிட் பேரினத்துக்குக் கோவிந்தூயா என்று பெயரிட்டார். கம்பெனி ஆட்சிக் காலத்தில் ஓர் இந்திய ஓவியருக்குக் கிடைத்த அரிய மரியாதை அது. பின்னாளில் அந்தச் செடி ஏற்கெனவே பெயர் பெற்றிருந்த திரோபிடியா பேரினத்தைச் சேர்ந்தது என்று தெரிந்து, கோவிந்தூயா வெறும் மறுபெயராகிவிட்டது. ஒரு முறை பயன்படுத்திய பேரினப் பெயரை வேறொரு தாவரத்துக்கு மறுபடி வைக்கவும் கூடாது.

சென்னைப் பல்கலைக்கழகத்தில் பாசிகளை ஆராய்ந்த எம்.ஓ. பார்த்தசாரதி ஐயங்காருக்கு அந்தக் கதி நேரவில்லை. டென்மார்க்கின் பாசியியலாளர் போர்கெசென் ஒரு பழுப்புக் கடற்பாசிக்கு ஐயங்காரியா என்று பெயர் வைத்தார். பாசிகளுக்கும் பூஞ்சைகளுக்கும் தாவரங்களுக்கும் பெயரிடும் விதித்தொகுப்பு ஒன்றே. அந்தப் பேரினம் இன்றும் நிற்கிறது.

தாவரவியலாளர் ஜானகி அம்மாள் கதை இரண்டும் கலந்தது. தலச்சேரியில் பிறந்து, சென்னையில் படித்து, கோயம்புத்தூர்க் கரும்பு ஆராய்ச்சி நிலையத்தில் பணிபுரிந்த அவரைச் சிறப்பித்து, அகத்தியமலைப் பகுதியில் கிடைத்த ஓர் அரிய செடிக்கு 1978இல் ஜானகியா அராயல்பத்ரா என்று பெயரிட்டார்கள். அப்போது அவர் உயிரோடு இருந்தார். பிறகு அந்தச் செடியை டெகலெபிஸ் பேரினத்தில் சேர்த்துவிட்டார்கள். நாம் ஊறுகாய் போடும் மாகாளிக் கிழங்கின் பேரினம் அது. ஜானகியா என்ற சொல் வழக்கிலிருந்து போய்விட்டது. ஆனால் 1940களின் பிற்பகுதியில் இங்கிலாந்தின் விஸ்லி தோட்டத்தில் வேலை பார்த்தபோது அவர் மாக்னோலியா நாற்றுகளில் குரோமோசோம் ஆய்வு செய்தார். அதில் வளர்ந்த வகை ஒன்றுக்கு மாக்னோலியா கோபுஸ் ‘ஜானகி அம்மாள்’ என்று பெயர். ஒற்றை மேற்கோள் குறிக்குள் இருப்பதைக் கவனியுங்கள். மனிதர்கள் வளர்த்தெடுத்த வகைக்கான பெயர் என்பதற்கு அதுதான் அடையாளம். அதற்கு லத்தீன் முடிவு தேவையில்லை. பேரினம் நாளைக்கு மாறினாலும் மேற்கோளுக்குள் இருப்பது அப்படியே கூடப் போகும்.